கார்வேட்டிநகரத்துக் குரல்

புத்தூர் ரயில் நிலையத்தில் இறங்கி உள்ளே போகும் பேருந்தைப் பிடித்தால் கார்வேட்டிநகரம். இப்போது அது சித்தூர் மாவட்டத்தில் ஒரு மண்டலத் தலைமையிடம், அவ்வளவுதான். ஒரு காலத்தில் திருத்தணியையும் தன்னுள் அடக்கிய பெரிய ஜமீன். ஸ்கந்த புஷ்கரிணி என்ற தெப்பக்குளத்தின் அகலமும், நீரை நோக்கி வரிசை வரிசையாக இறங்கும் கல்படிகளும் அந்தப் பழைய செல்வத்தை இன்றும் சொல்லும். ஊர்க் கோயிலின் வேணுகோபாலனை நாயகனாக்கித்தான் சாரங்கபாணி தம் தெலுங்குப் பதங்களை இயற்றினார். மோகனத்திலும் கேதாரகௌளையிலும் வர்ணம் இயற்றிய கோவிந்தசாமய்யாவுக்கும் இந்த ஊர்தான் ஆதரவு. பதம் என்பது பெண்ணின் வாயால் பேசும் பாட்டு. எழுதியவர்கள் ஆண்கள். பாடி ஆடி, உயிர் கொடுத்துக் காப்பாற்றியவர்கள் பெண்கள். சாரங்கபாணியின் பெயர் நின்றது. அந்தப் பதங்களைத் தலைமுறை தலைமுறையாகப் பாடிவந்த பெண்களில் எத்தனை பேரின் பெயர் நமக்குத் தெரியும்?

இந்த ஊரில் 1930 டிசம்பரில் பிறந்த பெண் தோட்ட கோவிந்தம்மா. திரையுலகம் அவரை டி. ஜி. கமலாதேவி என்று அறிந்தது. இயற்பெயர் இரண்டு முன்னெழுத்துகளாகச் சுருங்கி, கமலாதேவிக்கு முன்னால் கடைசிவரை உட்கார்ந்திருந்தது. நடிகை, பாடகி, பிறருக்குக் குரல் கொடுத்தவர், பின்னாளில் பில்லியர்ட்ஸ் வீராங்கனை. 2012 ஆகஸ்டில் காலமானார். தெலுங்குத் திரை வரலாற்றில் அவருக்குச் சில வரிகள் கிடைத்திருக்கின்றன. தமிழில் அதுவும் இல்லை. தொண்ணூறு ஆண்டுகளுக்கு மேல் தென்னிந்திய சினிமா பேசிப் பாடி வளர்ந்த கதையில் இப்படிப்பட்டவர்களின் பங்கு சிறியதல்ல என்பது என் உறுதியான எண்ணம். அவர்களைப் பதிவு செய்ய நமக்கு ஒரு முறைமையே இல்லாமல் போனது பெரிய குறை. கமலாதேவியின் வாழ்க்கையை வைத்து அதைப் பேசிப் பார்க்கலாம்.

1941-ல் ராஜா சாண்டோ இயக்கத்தில் அவர் நடித்த 'சூடாமணி' வந்தபோது அவருக்கு வயது பத்து. பேசும்படம் பிறந்தே பத்து ஆண்டுதான் ஆகியிருந்தது. அப்போது நடிகை என்றால் பாடவும் தெரிந்திருக்க வேண்டும். முகவெட்டைவிடக் குரல்தான் முதல் தகுதி. நாடகக் கம்பெனியிலும் கச்சேரி மேடையிலும் ஆள் தேடியதற்குக் காரணம் அதுதான். கே. பி. சுந்தராம்பாள், எம். எஸ். சுப்புலட்சுமி, தெலுங்கில் சாந்தகுமாரி, பானுமதி என்று அந்தத் தலைமுறையின் பெரிய பெயர்களை அடுக்கினால், பாட்டு வழியாகத் திரைக்கு வராதவர் அவர்களில் குறைவு. சிறு வயதிலேயே பாட்டுப் பயின்ற கார்வேட்டிநகரத்துப் பெண்ணுக்கும் அந்த வாசல் திறந்தது. மேடை நாடகம், சென்னை வானொலி, சினிமா என்று மூன்று இடத்திலும் பாடினார். 1945-ல் கூடவல்லி ராமபிரம்மத்தின் 'மாயலோகம்', 1946-ல் கண்டசாலா பலராமய்யாவின் 'முக்குரு மராட்டீலு' ஆகியவற்றில் நடித்தார். இரண்டிலும் அக்கினேனி நாகேஸ்வரராவ் உண்டு. அவரும் அப்போது சினிமாவுக்குப் புதியவர், தம் பாட்டைத் தாமே பாடிய காலம் அது.

'முக்குரு மராட்டீலு' போன்ற ஒரு படத்தில் இளம் ஜோடியில் ஒருத்தியாக வந்த பெண், நாலைந்து ஆண்டில் பெரிய நாயகியாக உயர்ந்திருக்க வேண்டும் என்று இன்றைய கண்ணோட்டத்தில் தோன்றும். அப்படி நடக்கவில்லை. அது அவருடைய தோல்வி என்று நான் நினைக்கவில்லை. அவர் காலடி வைத்த தரையே அந்த நாலைந்து ஆண்டில் இரண்டாகப் பிளந்தது.

இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். 1931-ல் எச். எம். ரெட்டி எடுத்த 'காளிதாஸ்' படத்தில் டி. பி. ராஜலட்சுமி தமிழ் பேசினார், நாயகன் தெலுங்கு பேசினார். யாருக்கும் அது உறுத்தவில்லை. படம் பேசுகிறதே என்ற வியப்பு மொழியைப் பற்றிய கேள்வியை மறைத்துவிட்டது. அவரவர் குரல், அவரவர் மொழி. 1938-ல் ஏவி. மெய்யப்பன் 'நந்தகுமார்' படத்தில் ஒருவர் பாட இன்னொருவர் வாயசைக்கும் முறையைத் தமிழுக்குக் கொண்டுவந்தார். 1944-ல் அவரே கன்னட 'ஹரிச்சந்திரா'வைத் தமிழில் பேச வைத்து வெளியிட்டார். ஒரு மொழிப்படம் முழுசாக இன்னொரு மொழிக்கு மாறியது இந்தியாவில் அதுவே முதல் தடவை. 1950-ல் 'ஆஹுதி' மூலம் தெலுங்கிலும் அது நடந்தது. இந்திப் படத்துக்குத் தெலுங்கில் எழுதியவர் ஸ்ரீஸ்ரீ. தெலுங்கின் மிகப் பெரிய நவீன கவிஞர் அடுத்தவர் உதட்டசைவுக்குச் சொல் தேடிக்கொண்டு உட்கார்ந்தார் என்பதிலிருந்தே அந்த வேலையின் கடினம் புரியும்.

இப்படிப் பன்னிரண்டு ஆண்டுக்குள் நடிகை என்ற ஒருத்தி மூன்று பேராகப் பிரிந்தாள். திரையில் தெரியும் முகம் ஒருத்தியுடையது, பாட்டு இன்னொருத்தியுடையது, பேச்சு மூன்றாமவளுடையது. முகத்துக்கு விலை கூடியது. பாட்டுக்குத் தனிப் புகழ் வந்தது. பேச்சைக் கொடுத்தவளுக்குக் கூலி மட்டும் வந்தது.

கமலாதேவி இந்தப் பிளவின் நடுவில் நின்றவர். மூன்றும் தெரிந்தவர். ஸ்டூடியோக்களுக்குத் தேவையாக இருந்ததும் அப்படிப்பட்டவர்கள்தாம். 1951-ல் வாகினி ஸ்டூடியோவிலிருந்து வெளிவந்த இரண்டு பெரிய படங்களிலும் அவர் இருக்கிறார். கே. வி. ரெட்டியின் 'பாதாள பைரவி'யில் பாடியிருக்கிறார். பி. என். ரெட்டியின் 'மல்லீஸ்வரி'யில் ஜலஜா என்ற துணை வேடம். கிருஷ்ணதேவராயர் காலத்தில் நடக்கும் அந்தக் காதல் கதையில் பானுமதிதான் மல்லீஸ்வரி, என். டி. ராமராவ் நாகராஜு. தெலுங்கு சினிமாவின் காவியம் என்று இன்றும் கொண்டாடப்படும் படம். கதையின் துயரம் முழுவதையும் பானுமதி சுமக்கிறார் என்பது உண்மை. ஆனால் நாயகியின் துயரத்தைப் பார்த்து நிற்கும் ஆள் ஒருத்தி திரையில் இல்லையென்றால் பார்ப்பவர்களுக்கு அந்தத் துயரத்தின் அளவு தெரியாது. துணை நடிகையின் வேலை அதுதான். கேட்கிற முகமாக இருக்க வேண்டும். நாயகியை மிஞ்சவும் கூடாது, மங்கவும் கூடாது. இந்த அளவு தெரிந்து நடிப்பது கடினம். நம் விமர்சகர்கள் இதற்கென்று ஒரு வாக்கியம் ஒதுக்குவதே அபூர்வம்.

இனி குரல் வேலை. அன்றைய டப்பிங் கூடத்தில் என்ன நடந்தது என்பதை இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்வது அவசியம். இப்போது கணினியில் ஒவ்வொருவரும் தனித்தனியாக வந்து பேசிவிட்டுப் போகலாம், ஒரு சொல் தவறினால் அந்தச் சொல்லை மட்டும் மறுபடி பேசலாம். அன்று படச்சுருளைச் சிறு சிறு துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டின் தலையையும் வாலையும் ஒட்டி வளையமாக்குவார்கள். லூப் என்று பெயர். புரொஜெக்டரில் அந்த வளையம் சுற்றிக்கொண்டே இருக்கும். ஒரே முகம் ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லும். இருட்டறையில் மைக்கின் முன் நிற்பவர் முதலில் பேசாமல் பார்ப்பார். உதடு எங்கே மூடுகிறது, எங்கே திறக்கிறது, மூச்சு எங்கே விடப்படுகிறது, அழுகை வாக்கியத்தின் எந்த இடத்தில் நுழைகிறது என்று மனத்தில் பதித்துக்கொள்வார். ப, ம போன்ற எழுத்துகளில் உதடு ஒட்டியாக வேண்டும். திரையில் ஒட்டுகிற இடத்தில் எழுதிய வசனத்தில் அந்த எழுத்து இல்லையென்றால் அங்கேயே சொல்லை மாற்ற வேண்டும். பிறகு பேச வேண்டும். காட்சியில் நாலு பேர் இருந்தால் நாலு பேரும் ஒரே மைக்கைச் சுற்றி நிற்பார்கள். கடைசி ஆள் தடுமாறினால் எல்லோரும் முதலிலிருந்து. ஒலி பதிவதும் ஃபிலிமில்தான், வீணாகும் ஒவ்வொரு டேக்கும் முதலாளிக்குச் செலவு.

இதற்கிடையில் நடிக்கவும் வேண்டும். அதுவும் தாம் தேர்ந்தெடுக்காத ஒரு நடிப்பை. திரையிலிருப்பவர் கொஞ்சம் அதிகமாகச் சிணுங்கியிருந்தால் குரலும் சிணுங்க வேண்டும். அவர் உணர்ச்சியில்லாமல் நின்றிருந்தால் குரல் அந்தக் குறையை ஈடுகட்ட வேண்டும். மோசமாக நடித்த ஒரு காட்சியை நல்ல டப்பிங் குரல் காப்பாற்றியதைத் திரைத்தொழிலில் இருப்பவர்கள் எல்லோரும் பார்த்திருப்பார்கள். பாராட்டு முகத்துக்குப் போகும்.

ஐம்பதுகளின் சென்னையில் இந்த வேலைக்கு ஏன் அவ்வளவு தேவை என்றால், நடிகைகள் நாலு திசையிலிருந்தும் வந்துகொண்டிருந்தார்கள். திருவிதாங்கூர் சகோதரிகள் மலையாளத்திலிருந்து வந்தார்கள், சரோஜாதேவி கன்னடத்திலிருந்து வந்தார். ஒரே கதையைத் தமிழிலும் தெலுங்கிலும் ஒரே நேரத்தில் எடுப்பது வழக்கமாக இருந்தது. 'பாதாள பைரவி'யே அப்படித்தான் மார்ச்சில் தெலுங்கிலும் மே மாதம் தமிழிலும் வந்தது. தாய்மொழி அல்லாத மொழியில் நடிப்பவர்களுக்குத் தெலுங்குக் குரல் வேண்டும். அதற்கு நடிப்பும் தெரிந்து, பாட்டுக் காதும் இருந்து, உச்சரிப்பும் சுத்தமாக உள்ள பெண்கள் சிலரே இருந்தார்கள். கமலாதேவி அவர்களில் ஒருவர்.

இதில் சித்தூர் மண்ணுக்கு ஒரு பங்கு உண்டு என்று நம்புகிறேன். அந்த மாவட்டம் 1911-ல் வட ஆர்க்காட்டிலிருந்தும் கடப்பையிலிருந்தும் பகுதிகளை வெட்டி உருவாக்கப்பட்டது. நகரி, புத்தூர், திருத்தணிப் பக்கத்தில் கடைத்தெருவுக்கு ஒரு மொழி, வீட்டுக்கு ஒரு மொழி என்று வளர்ந்த குழந்தைகள் ஏராளம். அங்குள்ள தெலுங்கில் தமிழ் கலந்திருக்கும், தமிழில் தெலுங்கு கலந்திருக்கும். சினிமாவோ கிருஷ்ணா, குண்டூர்த் தெலுங்கைத்தான் அளவுகோலாக வைத்திருந்தது. ஆகவே சித்தூரிலிருந்து போனவர் பேச்சுக்காகத் தம் ஊர்ச் சாயலைக் கழற்றிவைக்க வேண்டியிருந்தது. பிறருடைய உதட்டுக்குத் தம் நாக்கை வளைப்பதற்கு இதைவிட நல்ல பயிற்சி வேறென்ன இருக்க முடியும்? இரண்டு மொழிக்கு நடுவில் வளர்ந்த காது, ஓசையின் சிறு வித்தியாசத்தைக்கூடத் தவறவிடாது.

அந்த எல்லை மண்தான் பின்னால் இரு மாநிலத்துக்கும் வழக்காக மாறியது. ம. பொ. சிவஞானமும் மங்கலங்கிழாரும் நடத்திய வடக்கெல்லைப் போராட்டம் தமிழ் வாசகர்களுக்குத் தெரிந்ததே. படாஸ்கர் பரிந்துரைப்படி 1960 ஏப்ரல் 1-ல் திருத்தணி நமக்கு வந்தது, சித்தூரும் திருப்பதியும் ஆந்திரத்தில் நின்றன. நிலத்துக்கு எல்லை போட்டபோது நினைவுக்கும் சேர்த்துப் போட்டுவிட்டோம் என்பதுதான் என் வருத்தம். சென்னையில் வாழ்ந்து, சென்னை ஸ்டூடியோக்களில் உழைத்த தெலுங்குக் கலைஞர்களை ஆந்திரத்தார் எழுதட்டும் என்று நாம் விட்டோம். சினிமாத் தொழில் படிப்படியாக ஹைதராபாத்துக்குப் போனதும், சென்னையிலேயே தங்கிவிட்டவர்களை அங்கிருந்து யாரும் தேடி வரவில்லை. நட்சத்திரங்கள் இந்த இடைவெளியைத் தாண்டிவிட்டார்கள். இரண்டாம் வரிசையில் நின்றவர்கள் நடுவில் விழுந்துவிட்டார்கள்.

ராயலசீமை இல்லாமல் சென்னை சினிமாவே இல்லை என்பதையும் நாம் மறந்துவிடுகிறோம். பி. என். ரெட்டி, பி. நாகிரெட்டி சகோதரர்கள் கடப்பை மாவட்டத்தார். கே. வி. ரெட்டி தாடிபத்ரிக்காரர். வடபழனியில் அவர்கள் எழுப்பிய வாகினி, விஜயா ஸ்டூடியோக்களில்தான் தமிழின் எத்தனையோ படங்கள் பிறந்தன. சித்தூரின் பெயரையே தாங்கி நின்றவர் வி. நாகையா. பிறந்தது குண்டூர் மாவட்டத்து ரேபல்லெ. ஆனால் வளர்ந்து, நாடக மேடையில் பெயர் வாங்கியது சித்தூரில். 1938-ல் 'கிருஹலட்சுமி'யில் அறிமுகமாகி, 'போதனா', 'தியாகய்யா', 'வேமனா' என்று பக்தர்களையும் கவிகளையும் திரையில் வாழவைத்தார். தமிழில் 1945-ல் 'மீரா'வின் ராணா அவர்தான். 1965-ல் பத்மஸ்ரீ பெற்றார். தியாகராய நகர் பனகல் பூங்கா அருகே அவர் சிலை இருக்கிறது. கமலாதேவி அவருக்கு மைத்துனி முறை. குடும்பத்தில் ஒரு பெரிய நடிகர் இருந்ததால் சினிமா அவருக்கு அந்நியமாக இருந்திருக்காது. ஆனால் வெளியூரில் பிறந்தவர் சித்தூரைப் பெயரோடு சேர்த்துக்கொண்டு ஊருக்கே அடையாளமானார். அந்த மாவட்டத்திலேயே பிறந்த பெண்ணின் பெயரில் ஊரும் இல்லை, இயற்பெயரும் இல்லை. ஒரே தொழில், ஒரே குடும்ப வட்டம், ஒரே காலம். இருவருக்கும் கிடைத்த நினைவில் இத்தனை தூரம் இருப்பதற்குத் திறமை மட்டும் காரணமாக இருக்க முடியாது.

இன்னொரு ஒப்பீடும் இதே மாவட்டத்திலிருந்து கிடைக்கிறது. ஜிக்கி என்ற பி. ஜி. கிருஷ்ணவேணியின் குடும்பம் திருப்பதிக்கு அருகிலுள்ள சந்திரகிரியிலிருந்து சென்னைக்கு வந்தது. அவரும் சிறுமியாக 1943-ல் 'பந்துலம்மா'வில் நடித்துத்தான் தொடங்கினார். இயக்கியவர் அதே கூடவல்லி ராமபிரம்மம். அவரும் முகத்தை விட்டுக் குரலின் பக்கம் போனார். ஆனால் ஜிக்கி பாட்டின் பக்கம் போனார். 'ஞானசௌந்தரி' அவரை வீடுதோறும் கொண்டுபோய்ச் சேர்த்தது. பாட்டுக்கு இசைத்தட்டு இருந்தது, இசைத்தட்டில் பெயர் இருந்தது, வானொலி அந்தப் பெயரை நாளுக்குப் பத்துமுறை சொன்னது.

அந்தப் பெயரும் சும்மா கிடைத்ததல்ல. 1949-ல் 'மஹல்' படத்தின் இசைத்தட்டில் லதா மங்கேஷ்கர் பெயர் இல்லை, கதாபாத்திரத்தின் பெயர்தான் அச்சாகியிருந்தது. கேட்டவர்கள் வானொலிக்கு எழுதிக் கேட்டார்கள், பாடகர்கள் போராடினார்கள், பிறகு பெயர் வந்தது. விருதும் வந்தது. 1968-க்கான தேசிய விருதை 'உயர்ந்த மனிதன்' படப் பாட்டுக்காகப் பெற்ற பி. சுசீலாதான் அந்தப் பிரிவில் முதல் பெண். பாட்டுக்குக் கிடைத்த இந்த நியாயம் பேச்சுக்கு முழுமையாகக் கிடைக்கவில்லை. தமிழக, ஆந்திர மாநில விருதுகள் பின்னாளில் டப்பிங் கலைஞர்களுக்கு இடம் கொடுத்தன. அது நல்ல மாற்றம். தேசிய விருதுகளில் இன்றும் அவர்களுக்கென்று பிரிவு இல்லை. பேச்சைத் தனியே எடுத்து விற்க முடியாது, ஆகவே அதற்குப் பெயர் போட வேண்டிய அவசியம் யாருக்கும் வரவில்லை. அதோடு, இது அவளுடைய குரல் அல்ல என்று சொல்வது நட்சத்திரத்தின் மதிப்பைக் குறைக்கும் என்ற அச்சமும் இருந்தது. ஆகவே மௌனமே ஒப்பந்தமாக இருந்தது.

திருப்பதியில் எம். எஸ். சுப்புலட்சுமிக்குச் சிலை வைத்திருக்கிறார்கள். அவரும் திரை நடிகைதான். 1938-ல் 'சேவாசதன'த்தில் தொடங்கி 'சகுந்தலை', 'சாவித்திரி', 'மீரா' என்று விரல்விட்டு எண்ணக்கூடிய படங்கள். பிறகு சினிமாவை விட்டுக் கச்சேரி மேடையில் வாழ்ந்தார். தேவஸ்தானத்துக்காக அவர் பாடிப் பதிவுசெய்த அன்னமாச்சாரியார் கீர்த்தனைகள் திருமலை அடிவாரத்துத் தெருக்களில் ஒலிக்கின்றன. குரலுக்கு ஒரு ஊர் நன்றி சொல்ல முடியும் என்பதற்கு அந்தச் சிலை சாட்சி. அந்தக் குரலை இன்னாருடையது என்று உலகம் முதலிலிருந்தே அறிந்திருந்ததால்தான் நன்றி சொல்ல முடிந்தது.

யார் நினைவில் நிற்கிறார், யார் மறைகிறார் என்ற கேள்வி நமக்கு மட்டும் உரியதல்ல. பிரான்சில் ஃபால்கொனெத்தி என்ற நாடக நடிகை இருந்தார். 1928-ல் டென்மார்க் இயக்குநர் டிரேயர் எடுத்த மௌனப்படத்தில் ஜோன் ஆஃப் ஆர்க்காக நடித்தார். உலக சினிமாவின் மிகச் சிறந்த நடிப்புகளில் ஒன்றாக அதைச் சொல்கிறார்கள். அந்த ஒரு படம்தான் அவர் பெயரைச் சுமக்கிறது. மீதி வாழ்க்கை நாடக மேடையில் கழிந்தது, சொந்த நாடகக் குழுவில் பணம் இழந்தார், போர்க்காலத்தில் ஐரோப்பாவை விட்டுப் போய் 1946-ல் புவனஸ் அயர்ஸில் இறந்தார். மேடையில் அவர் எப்படிப் பேசினார் என்பது யாருக்கும் கேட்காது. படத்தின் மூல நெகட்டிவும் தீயில் போயிற்று. 1981-ல் நார்வேயில் ஒரு மனநல மருத்துவமனையின் அலமாரியில் பழைய பிரதி ஒன்று முழுசாகக் கிடைத்ததால்தான் அந்த முகம் நமக்குத் திரும்ப வந்தது. அங்கே முகம் தப்பியது, குரல் போயிற்று. கமலாதேவிக்கு நடந்தது தலைகீழ். அவர் பேசிய படங்கள் பல இன்னும் ஓடிக்கொண்டிருக்கலாம், நாம் கேட்டுக்கொண்டும் இருக்கலாம். யார் பேசுகிறார் என்று நமக்குத் தெரியாது, அவ்வளவுதான். கையில் இருக்கிற ஒன்றையே இழந்து நிற்கிறோம் என்பதால் இது எனக்கு இன்னும் வேதனையாக இருக்கிறது.

அவர் வாழ்க்கையின் பிற்பகுதிக்கு வருகிறேன். திரை அவரை மெல்ல மறந்த பிறகு, அவர் ஓய்ந்துவிடவில்லை. பில்லியர்ட்ஸ் கோலைக் கையில் எடுத்தார். இந்தியாவில் அந்த ஆட்டத்தை ஆடிய முதல் பெண் என்று அவரைச் சொல்வதுண்டு. 1991-லும் 1995-லும் தேசிய அளவில் மகளிர் பட்டம் வென்றார். முதல் பட்டத்தின்போது அவருக்கு வயது அறுபது, இரண்டாவதின்போது அறுபத்து நாலு.

இது எந்த மாதிரி ஆட்டம் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். பில்லியர்ட்ஸ் மேசையிலேயே ஆடும் ஸ்னூக்கர் பிறந்ததே இந்தியாவில்தான். 1875-ல் ஜபல்பூரில் ஆங்கிலேயப் படை அதிகாரிகள் கண்டுபிடித்து, பிறகு உதகமண்டலம் கிளப்பில் அதற்கு விதிகள் எழுதினார்கள். வெள்ளைக்காரர் போன பிறகு அவர்கள் இடத்தில் நம்மூர்ப் பெரிய மனிதர்கள் உட்கார்ந்தார்கள். 1958-ல் வில்சன் ஜோன்ஸ் உலகப் பட்டம் வென்றார், மைக்கேல் ஃபெரைரா வந்தார், ஆட்டத்துக்கு இந்தியப் பெருமை சேர்ந்தது. ஆனால் அந்தப் பச்சைத் துணி விரித்த மேசை இருந்த அறை ஆண்களின் அறையாகவே நீடித்தது. சிகரெட் புகையும், தாழ்ந்து தொங்கும் விளக்கும், முன்னறையோடு நிறுத்தப்பட்ட மனைவிமார்களும்தான் கிளப் வாழ்க்கை. அந்த அறைக்குள் புடவை கட்டிய ஒரு சித்தூர்ப் பெண் போய், மேசைமேல் குனிந்து, இடது கை விரல்களைப் பாலமாக ஊன்றி, மோவாய்க்குக் கீழே கோலை நேராக வைத்துக் குறி பார்த்திருக்கிறார். கோல் முன்னும் பின்னும் ஓடும்போது தோள் அசையக் கூடாது, தலை எழும்பக் கூடாது, மூச்சு ஒரு நொடி நிற்க வேண்டும். லூப் ஓடும் இருட்டறையில் அடுத்தவர் உதட்டைப் பார்த்து மூச்சைக் கட்டுப்படுத்திப் பழகிய உடம்புக்கு இந்தப் பொறுமை புதிதாக இருந்திருக்காது.

நடிகை என்ற அடையாளத்தோடு முதுமையைக் கடப்பது பெண்களுக்கு எவ்வளவு கடினம் என்பதை நாம் பார்த்துக்கொண்டேதான் இருக்கிறோம். அம்மா வேடம், பாட்டி வேடம், பிறகு உதவித்தொகை கேட்டு ஒரு புகைப்படம், இரங்கல் செய்தி. கமலாதேவி அந்தப் பாதையில் போகவில்லை. யாருடைய முகத்துக்கும் பின்னால் நிற்கத் தேவையில்லாத, சொந்தக் கையும் சொந்தக் கண்ணும் மட்டுமே கணக்கில் வரும் ஒரு களத்தைத் தேடிக்கொண்டார். அங்கே புள்ளிகள் பலகையில் ஏறும்போது அவர் பெயருக்கு நேராகத்தான் ஏறின. சினிமா தராத ஒன்றை அறுபது வயதில் அவர் வென்றெடுத்தார் என்று நான் இதைப் படிக்கிறேன்.

அதே மாவட்டத்திலிருந்து பின்னால் வந்தவர்களுக்குக் காலம் வேறுமாதிரி நடந்துகொண்டது. திருப்பதியில் படித்த ரோஜா 1992-ல் 'செம்பருத்தி' மூலம் தமிழ்நாட்டின் நட்சத்திரமானார், நகரியின் சட்டமன்ற உறுப்பினராகி அமைச்சரும் ஆனார். கார்வேட்டிநகரத்துக்குப் பக்கத்து ஊர் நகரி. ஒரு நடிகையின் பெயர் சுவரெல்லாம் எழுதப்பட்டிருந்த அந்த வட்டாரத்தில், அவருக்கு அரை நூற்றாண்டு முன்னால் அங்கிருந்து கிளம்பிய முதல் பெண்களில் ஒருத்தியைப் பற்றி ஒரு பள்ளிக்கூடப் பாடமாவது இருக்கலாம்.

செய்ய வேண்டிய வேலை பெரிதல்ல, ஆனால் அவசரமானது. அந்தக் காலப் படங்களுக்குத் தியேட்டர் வாசலில் விற்ற பாட்டுப் புத்தகங்கள் சென்னை ரோஜா முத்தையா நூலகத்தில் நிறைய இருக்கின்றன. அவற்றில் நடிகர் பட்டியல் இருக்கும், சிலவற்றில் பாடியவர் பெயரும் இருக்கும். ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் வாழ்நாள் முழுவதும் சேர்த்த தகவல்கள் தமிழக அரசிடம் இருக்கின்றன. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964 முதல் பிரதிகளைக் காத்துவருகிறது. ஆனால் பேச்சுக் குரல் யாருடையது என்பது இவற்றில் எதிலும் பதிவாகவில்லை. அதற்கு ஒரே வழி, அந்தக் கூடங்களில் வேலை செய்த ஒலிப்பதிவாளர்கள், உதவி இயக்குநர்கள், கூட நின்று பேசியவர்கள் உயிரோடு இருக்கும்போதே அவர்களிடம் கேட்டு எழுதிக்கொள்வது. படத்தைப் போட்டுக் காட்டி, இது யார் குரல் என்று கேட்க வேண்டும். தொண்ணூறைத் தொட்டவர்கள் அவர்கள்.

சித்தூர் மாவட்டத்துக் குப்பத்தில் 1997-ல் தொடங்கிய திராவிடப் பல்கலைக்கழகம் இருக்கிறது. தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே வளாகத்தில் படிக்கும் இடம், அண்டை மாநிலங்களின் ஒத்துழைப்போடு உருவானது. திருப்பதியில் 1983 முதல் பத்மாவதி மகளிர் பல்கலைக்கழகம் இருக்கிறது. இந்தக் கணக்கெடுப்பை எடுத்துச் செய்ய இவற்றைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை. இரண்டு மொழியும் தெரிந்த நாலு மாணவிகள், ஒரு ஒலிப்பதிவுக் கருவி, சென்னைக்கு ரயில் கட்டணம். 'மாயலோக'த்திலிருந்து தொடங்கி ஆண்டு வரிசையில் படங்களை எடுத்துக்கொண்டால், முதல் பட்டியல் ஒரு கல்வியாண்டுக்குள் வந்துவிடும். அதில் தோட்ட கோவிந்தம்மா, கார்வேட்டிநகரம் என்று ஊரோடு சேர்த்து எழுதவேண்டும்.